ஜப்பானிய மொழியில் உங்கள் முதல் கடி ஜோக்

ஜப்பானிய மொழி படிப்பவர்கள் பலர் நகைச்சுவையைக் கடைசிக்குத் தள்ளிவைக்கிறார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. 'தஜரெ' எனப்படும் கடி ஜோக்கை முதல் மாதத்திலேயே தொடங்கலாம். காதும் பழகும், சொற்களும் மனதில் நிற்கும்.

படி 1: வாய்விட்டுச் சொல்லுங்கள்

"ஃபுதொன் க ஃபுத்தொந்த." ஃபுதொன் என்றால் மெத்தை, ஃபுத்தொந்த என்றால் பறந்துபோனது. மெத்தை பறந்துபோச்சு, அவ்வளவுதான். ஜப்பானில் சிறுவர்களுக்கும் தெரிந்த கடி இது. வேடிக்கை முழுக்க ஒலியில் இருக்கிறது: அதே ஒலி திரும்ப வரும்போது 'த்' அழுத்தம் பெறுகிறது. ஆங்கிலம் மட்டுமே பழகிய காதுக்கு இந்த அழுத்தம் பிடிபட நாளாகும். பதி, பத்தி என்று பிரித்துக் கேட்கும் நமக்குச் சிரமமே இல்லை. குறில் நெடிலும் அப்படித்தான்: 'ஒபசன்' அத்தை, 'ஒபாசன்' பாட்டி. இந்த வசதியைத் தயங்காமல் பயன்படுத்திக்கொள்ளுங்கள்.

படி 2: வெட்டும் இடத்தை மாற்றுங்கள்

"அருமிகன் நொ உஎ நி அரு மிகன்." ('க'வை 'கல்' என்பதில் வருவது போலச் சொல்லுங்கள்.) முதலில் வருவது அருமி + கன், அதாவது அலுமினிய டப்பா. கடைசியில் வருவது அரு + மிகன், அதாவது 'இருக்கிற ஆரஞ்சு'. டப்பா மேல் ஆரஞ்சு இருக்கிறது!

படி 3: எண்களைப் படியுங்கள்

எனக்கு மிகப் பிடித்த பகுதி. ஜப்பானிய எண் ஒவ்வொன்றுக்கும் பல உச்சரிப்புகள் உண்டு. அவற்றைக் கோத்துச் சொல் ஆக்குவதற்கு 'கொரொஅவசெ' என்று பெயர். 4649-ஐப் பாருங்கள்: யொ, ரொ, ஷி, கு. 'யொரொஷிகு' என்றால் 'பார்த்துக்கொள்ளுங்கள், தயவு வையுங்கள்' என்பது போன்ற வணக்கச் சொல். ஒரே சொல்லுக்குள் 4 இரண்டு விதமாக ஒலிக்கிறது! 29 'நி-கு', அதாவது இறைச்சி. அதனால் மாதாமாதம் 29-ஆம் தேதி இறைச்சிக்குத் தள்ளுபடி தரும் கடைகள் உண்டு. ஜப்பானியர் காதில் பூனை 'ந்யன்' என்று கத்துகிறது; அது 2-இன் 'நி' போல ஒலிப்பதால் பிப்ரவரி 22 (2-2-2) பூனைகள் தினம். 1987 முதல் கொண்டாடுகிறார்கள்.

படி 4: எழுத்தை மறையுங்கள்

'ஹஷி' என்றால் பாலம், சாப்பிடும் குச்சி, ஓரம். சீனத்திலிருந்து வந்த 'கான்ஜி' எழுத்தில் மூன்றும் வேறு வேறு. எழுதிக் காட்டினால் ஜோக் செத்துவிடும். 15-ஆம் நூற்றாண்டுத் துறவி இக்க்யூவைப் பற்றி ஒரு கதை உண்டு. "இந்த ஹஷியைக் கடக்காதே" என்று பாலத்தருகே பலகை. அவர் நடுவாக நடந்து வந்து, "ஓரத்தில்தானே போகக் கூடாது?" என்றாராம்.

படி 5: நீங்களே செய்யுங்கள்

ஒரு பெயர்ச்சொல்லை எடுங்கள்; அதே ஒலியில் தொடங்கும் வினையைத் தேடுங்கள். நெகொ (பூனை) + நெகொரொந்த (படுத்தது): "நெகொ க நெகொரொந்த." சரி, அகராதியில் அடுத்தடுத்த சொற்களைப் பார்த்தாலே போதும், நிறையக் கிடைக்கும்.

சொன்னதும் "சமுய்!" என்பார்கள். 'குளிருது' என்று பொருள். நம் ஊர் 'கடிக்காதே'தான். கோபம் என்று நினைக்க வேண்டாம். முதலில் நண்பர்களோடு சாப்பிடும்போது முயலுங்கள். இஞ்சி தீர்ந்துவிட்டதா? "ஷோக நை" என்று சொல்லுங்கள். 'இஞ்சி இல்லை' என்றும் பொருள், 'வேறு வழியில்லை' என்றும் பொருள்.