பெண் வெறுப்பைக் குறும்படமாக எடுக்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

எடிட்டிங்குக்கு என்னிடம் வரும் புதியவர்களின் படங்களில் பாதி, குடும்பத்துக்குள் பெண் மட்டம் தட்டப்படும் கதைகள்தான். ஃபோகஸ் தவறியது, ஒலி இரைந்தது என்பவற்றை விட்டுவிடுகிறேன். அவை அடுத்த படத்தில் தாமாகச் சரியாகிவிடும்.

கேட்டுக்கொண்டிருப்பவர்களை எடுக்காமல் விடுவது

கையிருப்பைக் கரைக்கும் தவறு இது. அண்மையில் வந்த ஒரு படத்தில் சாப்பாட்டு நேரக் காட்சி. "சம்பாதிக்கும் திமிர்" என்கிறார் மாமனார். அவருக்கு விதவிதமான கோணங்களில் குளோசப். மருமகளின் கலங்கிய கண்களுக்கும் அப்படியே. பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் கணவன், பரிமாறும் மாமியார், செல்போனை நோண்டும் கொழுந்தன் ஆகியோரின் முகம் ஒரு ஷாட்டில்கூட இல்லை.

"அவர்களுக்கு வசனமே இல்லையே, சார்" என்றார் இயக்குநர். அட, அவர்கள் வாய் திறக்காததுதானே காட்சி! சோற்றைப் பிசைந்தபடி தலை நிமிராத கணவனைக் காட்டாவிட்டால், அது ஒரு கெட்ட மாமனாரின் கதையாகச் சுருங்கிவிடும்.

மறுபடி எடுக்கப் போனார்கள். வாடகை வீடு கைவிட்டுப் போயிருந்தது. கணவனாக நடித்தவர் தாடியை மழித்திருந்தார். வேறொரு சுவர் முன் உட்காரவைத்து எடுத்ததில், அவர் யாரைப் பார்க்கிறார் என்றே புரியவில்லை.

வசனம் பேசுபவரை எடுத்து முடித்ததும் அவரை அனுப்பிவிடாதீர்கள். கேமராவுக்கு வெளியே நின்று அதே வேகத்தில் அவர் மறுபடி பேசட்டும். கேட்பவர் ஒவ்வொருவரையும் முழுக் காட்சிக்கும் எடுங்கள். நீரஜ் கேவான் இயக்கிய 'ஜூஸ்' (2017) குறும்படத்தின் முடிவில், அடுக்களை வெக்கையிலிருந்து வெளியே வரும் ஷெஃபாலி ஷா, ஆண்கள் இருக்கும் அறையில் ஏர்கூலர் முன் பேசாமல் உட்கார்ந்துவிடுவார். சுற்றியிருப்பவர்களின் முகங்களை நீக்கிவிட்டால் அந்த முடிவு நிற்காது.

கணவனைக் குடிகாரனாக்குவது

"நான் குடிப்பதில்லையே" என்று பார்வையாளர் நிம்மதியாக எழுந்து போய்விடுவார்.

கடைசி நிமிடச் சொற்பொழிவு

வெட்டிவிடுவேன்.

கேமராவும் சேர்ந்து வெறிப்பது

பஸ்ஸில் உரசுபவனைக் கண்டிக்கும் காட்சியில், அவன் கண் மேயும் இடமெல்லாம் கேமராவும் மேய்கிறது. திரையில் பெண் பார்வைப் பொருளாவதைத் திரைப்படக் கோட்பாட்டாளர் லாரா மல்வி 1975-லேயே எழுதிவிட்டார். கம்பியை இறுக்கும் அவள் விரல்களையும், கவனிக்காததுபோல் ஜன்னல் பக்கம் திரும்பும் பயணிகளையும் எடுங்கள். ஒளிப்பதிவாளரிடம் இதை முன்கூட்டியே பேசிவிடுங்கள். படப்பிடிப்பில் போய்ப் பேசினால் தகராறுதான்.