நில எடுப்பு இழப்பீட்டை நீங்களே கணக்கிடுவது எப்படி?

தொண்டி முதல் சாயல்குடி வரையுள்ள கடற்கரைக் கிராமங்களில் சாலைக்கோ வேறு திட்டத்துக்கோ நிலம் எடுக்கப்படும்போது, சென்ட்டுக்கு எவ்வளவு கிடைக்கும் என்பதை அலுவலர் சொல்லித்தான் அறிய வேண்டும் என்பதில்லை. 2014 ஜனவரி 1 முதல் நடைமுறையில் உள்ள நில எடுப்புச் சட்டம் (30/2013) கணக்கிடும் முறையை வெளிப்படையாகவே வகுத்துள்ளது.

படி 1: பரப்பும் வகைப்பாடும்

பட்டாவையும் புல வரைபடத்தையும் அறிவிக்கையில் உள்ள புல எண், உட்பிரிவு, பரப்பு ஆகியவற்றோடு ஒப்பிடுங்கள். பட்டாவில் பரப்பு ஹெக்டேர், ஏர் கணக்கில் இருக்கும். ஒரு ஏர் என்பது ஏறத்தாழ 2.47 சென்ட்.

படி 2: சந்தை மதிப்பு

மற்ற எல்லாத் தொகைகளும் இதிலிருந்தே பெருகுவதால், உழைப்பை இங்கேதான் செலவிட வேண்டும். பிரிவு 26-இன்படி, பதிவுத்துறையின் வழிகாட்டி மதிப்பு, அருகிலுள்ள அதே வகை நிலங்களின் சராசரி விற்பனை விலை ஆகிய இரண்டில் எது அதிகமோ அதுவே சந்தை மதிப்பாகும். சராசரி காண, நில எடுப்பு முன்மொழியப்பட்ட ஆண்டுக்கு முந்தைய 3 ஆண்டுகளில் பதிவான கிரயப் பத்திரங்களைத் திரட்டி, அவற்றுள் விலை கூடுதலாக உள்ள பாதியை மட்டும் எடுத்துக்கொள்ள வேண்டும்.

சுற்றியுள்ள புல எண்களுக்கு வில்லங்கச் சான்று போட்டு, அதில் ‘கைமாற்றுத் தொகை’ என்ற இடத்தைப் பாருங்கள். முத்திரைத் தீர்வையை மிச்சப்படுத்த வழிகாட்டி மதிப்புக்கே பத்திரம் எழுதும் வழக்கம் நம் பக்கத்தில் பரவலாக இருப்பதால், உண்மை விலையைக் காட்டும் பத்திரங்களைத் தேடித்தான் பிடிக்க வேண்டியிருக்கும். கிழக்குக் கடற்கரைச் சாலையோர மனைப் பத்திரங்களில் விலை கவர்ச்சியாகவே இருக்கும். ஆனால் மானாவாரிப் புன்செய்க்கு அவற்றைக் காட்டினால், ஒத்த வகை நிலமல்ல என்று ஒதுக்கப்பட வாய்ப்புண்டு.

ஓர் உதாரணம்: 40 சென்ட் புன்செய், வழிகாட்டி மதிப்பு சென்ட்டுக்கு 7,000 ரூபாய். கிடைத்த 8 பத்திரங்களில் உயர்ந்த நான்கின் விலை 12,000, 11,000, 10,000, 9,000 என்றால் சராசரி 10,500. ஆகவே சந்தை மதிப்பு 4,20,000 ரூபாய்.

படி 3: பெருக்கற்காரணி

சந்தை மதிப்பை இந்தக் காரணியால் பெருக்க வேண்டும். ஊரகப் பகுதிக்கு, நகர்ப்புறத்திலிருந்து உள்ள தொலைவைப் பொறுத்து, மாநில அரசு அறிவித்தபடி 1 முதல் 2 வரை அமையும், நகர்ப்புறத்துக்கு 1. உங்கள் கிராமத்துக்கு எது என்பதை நில எடுப்புத் தனி வட்டாட்சியரிடம் எழுத்துமூலம் கேளுங்கள். நம் உதாரணத்தில் 1.25 என்று கொண்டால் 5,25,000 ரூபாய்.

படி 4: மரங்களும் கட்டடங்களும்

உச்சிப்புளிப் பக்கத்துத் தென்னையானாலும் சாயல்குடிப் பக்கத்துப் பனையானாலும், கூட்டு அளவீட்டின்போது உடனிருந்து எண்ணிக்கையைப் பதிவுசெய்யச் செய்யுங்கள். கிணறு, ஆழ்துளைக் கிணறு, கம்பிவேலி, காவல் கொட்டகை எதுவும் விடுபடக் கூடாது. இவற்றின் மதிப்பு 60,000 ரூபாய் எனில் கூட்டுத்தொகை 5,85,000.

படி 5: ஆறுதல் தொகையும் 12 விழுக்காடும்

அந்தக் கூட்டுத்தொகைக்கு இணையாக நூறு விழுக்காடு ஆறுதல் தொகை (விருப்பமின்றி நிலம் இழப்பதற்காகத் தரப்படும் கூடுதல் தொகை) சேர, 11,70,000 ஆகிறது. சமூகத் தாக்க மதிப்பீட்டு அறிவிக்கை நாள் முதல், தீர்வம் (இழப்பீட்டை முடிவுசெய்யும் ஆட்சியரின் ஆணை) வழங்கிய நாள் அல்லது நிலத்தின் சுவாதீனத்தை எடுத்த நாள், இவற்றில் முந்தையது வரை, சந்தை மதிப்பின் மீது ஆண்டுக்கு 12 விழுக்காடு தனி, ஓராண்டுக்கு 50,400. ஆக மொத்தம் 12,20,400 ரூபாய். இதையே வழிகாட்டி மதிப்பில் போட்டுப் பார்த்தால் 8,53,600 தான் வரும். நான்கு பத்திரங்கள் தரும் வித்தியாசம் 3,66,800 ரூபாய்.

படி 6: கோரிக்கையும் முறையீடும்

பிரிவு 21-இன்கீழ் அறிவிப்பு வந்ததும், பத்திரங்களின் சான்றிட்ட நகல்களோடும் கணக்குத் தாளோடும் எழுத்துமூலக் கோரிக்கை கொடுத்து ஒப்புகை பெறுங்கள். தீர்வத் தொகை குறைவாகத் தோன்றினால், பணத்தை மறுக்க வேண்டியதில்லை; ‘ஆட்சேபணையுடன் பெற்றுக்கொள்கிறேன்’ என்று எழுதிக் கையொப்பமிட்டு வாங்குங்கள். அவ்வாறு எழுதாமல் வாங்கியவர் பிரிவு 64-இன்கீழ் கூடுதல் இழப்பீடு கோர முடியாது. தீர்வம் வழங்கப்பட்டபோது நேரில் இருந்தவர், 6 வாரங்களுக்குள் ஆட்சியரிடம் அந்த விண்ணப்பத்தை அளிக்க வேண்டும். தேசிய நெடுஞ்சாலைக்கான நில எடுப்பில், இந்த முறையீடு இசைவுத் தீர்ப்பாளரிடம் (arbitrator) செல்லும்.