வெள்ளி மாஸ்: தவிர்க்க வேண்டிய தவறுகள்

பெங்களூரில் மே மாதத்துக் கோடை மழை இரண்டு முறை பெய்தால் போதும். அல்சூரில் எங்கள் வீட்டு மொட்டைமாடியில், சிமெண்ட் வெடிப்புகளில் சாம்பல் பூத்தாற்போல் கிடந்த திட்டுகள் வெள்ளியும் பச்சையுமாக மினுங்கத் தொடங்கிவிடும். இதுதான் வெள்ளி மாஸ். அறிவியல் பெயர் பிரையம் அர்ஜென்டியம். லத்தீனில் அர்ஜென்டம் என்றால் வெள்ளி. 1801-இல் வெளியான, மாஸ் ஆய்வின் முன்னோடி ஹெட்விக்கின் நூலிலேயே இடம்பெற்ற இந்தச் செடி, அண்டார்டிகா உட்பட எல்லாக் கண்டங்களிலும் வளர்கிறது. இவ்வளவு பரவலான ஒன்றைத் தவறாகவே பார்த்துக் கடந்துபோகிறோம் என்பது எனக்கு நெடுநாளைய வருத்தம்.

குழப்பம் நம் சொல்லிலேயே தொடங்குகிறது. குளத்தில் படர்வதும் பாசி, கடல்பாசியும் பாசி, செட்டிநாட்டுக் குழம்பில் மணக்கும் கல்பாசியும் பாசி. முதல் இரண்டும் ஆல்கா. கல்பாசியோ பூஞ்சையும் ஆல்காவும் கூடி வாழும் லைக்கன். மாடியில் இருப்பது தண்டும் இலையும் கொண்ட குட்டிச் செடி. அதனால் அதை மாஸ் என்றே சொல்லிப் பழகுவது நல்லது. விரல் வைத்தால் வழவழவென்று வழுக்குவது ஆல்கா. மெத்தென்று அமுங்குவது மாஸ்.

மிகப் பெரிய தவறு, நிறத்தை மட்டும் நம்பிப் பெயர் வைப்பது. வெள்ளி மாஸின் இலை நுனிப்பகுதியில் பச்சையம் இல்லை. வெயில் காயும் இடத்தில் நிறமற்ற அந்த நுனிகள் ஒன்றன்மேல் ஒன்றாக நெருங்கி மூடிக்கொள்வதால், தண்டு வெள்ளி நூல் திரித்ததுபோல் தெரிகிறது. அதே மாடியில் மழைநீர்க் குழாய் கசியும் நிழல் மூலைக்குப் போங்கள். அங்கே பச்சையம் இலையின் மேற்பகுதிவரை ஏறியிருக்கும், தண்டு நீண்டிருக்கும், இலைகள் தளர்ந்திருக்கும். முதல்முறை பார்த்தபோது நானும் இவற்றை இரண்டு இனங்களாகத்தான் குறித்துவைத்தேன். பிறகுதான் வெயிலிலிருந்து நிழல்வரை வரிசையாகப் பார்த்தேன். இடையில் எங்கும் கோடு போட முடியவில்லை. எல்லா மாறுபாடும் வெயிலாலும் ஈரத்தாலும் வருவது என்று முடிவுகட்டுவதும் சரியல்ல. வெவ்வேறு நாடுகளின் வெள்ளி மாஸை ஒரே சூழலில் வளர்த்துப் பார்த்தபோதும் சில வேறுபாடுகள் மாறாமல் நின்றன. ஆகவே ஒரு திட்டை மட்டும் பார்க்காதீர்கள். பத்து மடங்கு பெரிதாக்கும் கைலென்ஸில், காய்ந்த நிலையிலும் நனைத்த பிறகும் பாருங்கள்.

தேடும் இடத்திலும் தவறுகிறோம். மாஸ் என்றதும் லால்பாக் பூங்காவின் மர நிழலுக்கு ஓடுகிறார்கள். இதுவோ மிதிபடும் நடைபாதைக் கல்லிடுக்கையும், புறா எச்சம் விழும் கைப்பிடிச் சுவரையும் விரும்புவது. புகையும் தூசும் நிறைந்த சாலையோரத்தையும் தாங்கிக்கொள்ளும்.

வித்துப்பை தென்பட்டதும் பாடநூலில் படித்த இன்னொரு மாஸின் நினைவில் ஃபியூனேரியா என்று சொல்லிவிடுபவர்கள் உண்டு. ஃபியூனேரியாவின் பை வளைந்த பேரிக்காய் வடிவம். சருகு எரித்த மண்ணில் அதைத் தேடலாம். வெள்ளி மாஸின் பை சிறியது, கருஞ்சிவப்பு நிறம், தலைகீழாகத் தொங்கும். பையே இல்லாத திட்டுகளும் நிறைய உண்டு, ஏனெனில் ஆணும் பெண்ணும் தனித்தனிச் செடிகள், இரண்டும் அருகருகே இருந்தால்தான் பை உருவாகும். ஒடிந்த தண்டு நுனிகள் செருப்பில் ஒட்டிப்போய் விழுந்த இடத்தில் வளர்வதாலேயே ஊரெங்கும் பரவுகிறது.

மார்ச் மாதத்தில் காய்ந்து கிடப்பதைச் செத்ததென்று சுரண்டி எறியாதீர்கள். நாலு சொட்டுத் தண்ணீர் விட்டுக் காத்திருங்கள், இலை விரியும். இதற்கு உண்மையான வேர் கிடையாது. இலைப்பரப்பாலேயே நீரை உறிஞ்சிக்கொள்ளும்.

எதிர்வீட்டு அக்கா ஒவ்வொரு மழைக்கும் பிளீச்சிங் பவுடர் கொட்டுவார். வெடிப்பை மாஸ் உண்டாக்கவில்லை, முன்பே இருந்த வெடிப்பில் ஈரம் தங்கியதால் அது வந்தது என்று அவரிடம் சொன்னேன். பவுடரில் கருகினாலும் ஈரம் நின்றால் திரும்ப வரும். சென்ற மாதம் கொத்தனாரை அழைத்து வெடிப்பை அடைத்து, தண்ணீர் குழாய்ப் பக்கம் ஓடும்படி வாட்டம் சரிசெய்தார்கள். கைப்பிடிச் சுவர் ஓரத்தில் ஒரு சாண் அகலத் திட்டை மட்டும், நான் கேட்டதற்காக, பூசாமல் விட்டிருக்கிறார்.