ஒரு நேரத்தில் ஒரு வேலை: மெய்ப்பு மேசையில் கற்றுக்கொண்டது

ஒரு பள்ளி ஆண்டு மலருக்கு மெய்ப்பு, அதாவது அச்சுக்கு முன் பிழைதிருத்தம், பார்த்துக்கொண்டிருந்தபோது, 43ஆம் பக்கத்தின் நடுவில் கைபேசி ஒருமுறை அதிர்ந்தது. சிலிண்டர் பதிவாகிவிட்டதாகக் குறுஞ்செய்தி. படிக்கப் பத்து நொடிகூட ஆகவில்லை. விட்ட வரியிலிருந்தே தொடர்ந்ததாகத்தான் நினைத்தேன். மலர் அச்சாகி வந்தபோது, அந்தப் பக்கத்தில் பள்ளித் தலைமையாசிரியர் ‘பல்லித் தலைமையாசிரியர்’ ஆகியிருந்தார்.

ஒரு வேலையை முடிக்காமல் இன்னொன்றுக்குத் தாவும்போது கவனத்தின் ஒரு பகுதி பழைய வேலையிலேயே தங்கிவிடுகிறது என்று சோஃபி லெராய் என்னும் ஆய்வாளர் 2009இல் வெளியிட்ட கட்டுரையில் விளக்கினார். குறுஞ்செய்திக்குப் போன பத்து நொடியில் நான் எதையும் இழக்கவில்லை. திரும்பி வந்தபின் கண் மட்டும் வரியில் ஓடிய அடுத்த சில நிமிடங்களில்தான் பல்லி நுழைந்தது.

ஆகவே, முதலில் வேலையை ஒரே அமர்வில் முடியும் அளவுக்கு வெட்டிக்கொள்ளுங்கள். ‘இன்று மெய்ப்புப் பார்க்க வேண்டும்’ என்று குறித்துக்கொண்டால் எங்கே தொடங்குவது, எப்போது எழுவது என்று தெரியாது. ‘33 முதல் 48 வரை, மூன்றாம் பாரம், ஒற்றுப்பிழை மட்டும்’ என்று எழுதினால் இரண்டும் தெரிந்துவிடும். (பாரம் என்பது சேர்ந்து அச்சாகும் பக்கங்களின் தொகுதி, இங்கே பதினாறு பக்கம்.) ஒற்றைப் பார்க்கும்போது லகர, ளகர, ழகரங்களைத் தேடாதீர்கள். அவற்றுக்கு இரண்டாம் வாசிப்பு, தலைப்புக்கும் பக்க எண்ணுக்கும் மூன்றாவது. மூன்று முறை படிப்பது வீண் வேலையாகத் தோன்றலாம். எல்லாவற்றையும் ஒரே வாசிப்பில் பிடிக்க முயன்று, அச்சான பிறகு ஒட்டுச்சீட்டு ஒட்டியவர்களுக்கு அப்படித் தோன்றாது.

கைபேசியை அடுத்த அறையில் வையுங்கள். மேசையில் கவிழ்த்து வைப்பது போதாது, கை தானாகப் போய்விடும். வயதான பெற்றோரோ பள்ளி செல்லும் குழந்தையோ இருக்கும் வீட்டில் அதை அணைத்துவைக்க முடியாது என்பதால், ‘தொந்தரவு செய்ய வேண்டாம்’ அமைப்பில் வேண்டிய எண்களுக்கு மட்டும் விலக்குக் கொடுத்து, மணியோசை காதில் விழும் தூரத்தில் வைத்தால் போதும்.

வெளியிலிருந்து வரும் தொல்லையைவிட உள்ளிருந்து வருவதுதான் அதிகம். மின்கட்டணம் கட்டவில்லையே, அத்தைக்குப் பேசவில்லையே என்று வேலையின் நடுவில்தான் நினைவு வரும். அருகில் ஒரு துண்டுத்தாள் வைத்து, வந்ததை இரண்டு சொல்லில் குறித்துவிட்டு, வரிக்குத் திரும்புங்கள். குறித்ததை அப்போதே செய்யப் புறப்பட்டுவிடாதீர்கள்.

நேரக் கணக்குக்கு, இத்தாலியரான பிரான்செஸ்கோ சிரில்லோ 1980களின் பிற்பகுதியில், மாணவராக இருந்தபோது, தக்காளி வடிவச் சமையலறைக் கடிகாரத்தை வைத்து உருவாக்கிய முறை பலருக்கும் பொருந்துகிறது: 25 நிமிட வேலை, 5 நிமிட ஓய்வு. எனக்கு அது குறைவு. ஒரு பாரத்தின் பாதியில் மணி அடிப்பதே ஓர் இடையூறாகிவிடுவதால் 40 நிமிடம் வைத்துக்கொள்கிறேன். அந்த ஓய்வில் கைபேசியை எடுத்தால் அது ஓய்வாக இராது. தண்ணீர் குடியுங்கள், மொட்டை மாடிக்குப் போய்த் துணியை எடுத்து வாருங்கள்.

மேடையில் பலர் மாறி மாறிக் கேட்பவற்றுக்கு நினைவிலிருந்தே விடை சொல்லும் அவதானிகள் ஒரே நேரத்தில் எட்டு வேலை செய்கிறார்களே என்று சிலர் கேட்பதுண்டு. அவர்களும் பெரும்பாலும் ஒருவர் கேட்டதை வாங்கி, அவருக்கு அந்தச் சுற்றில் சொல்லவேண்டியதைச் சொல்லிவிட்டுத்தான் அடுத்தவரிடம் போகிறார்கள். பலவற்றை நினைவில் நிறுத்துவதுதான் அந்தக் கலை, அதற்கும் நெடுங்காலப் பயிற்சி வேண்டும்.

என்ன செய்தாலும் வாசலில் யாராவது மணி அடிக்கத்தான் செய்வார்கள். எழுந்திருக்கும் முன் ஐந்து நொடி எடுத்து, நின்ற சொல்லின்மேல் பென்சிலால் ஒரு கோடு போட்டு, பக்க ஓரத்தில் அடுத்துச் செய்யவேண்டியதை எழுதுங்கள். விட்ட இடத்தையும் தொடரவேண்டிய விதத்தையும் இப்படிக் குறித்துவிட்டுப் போனால் பழைய வேலை மனத்தில் ஒட்டிக்கொண்டிருப்பது குறைகிறது என்பதை லெராய் பின்னர் இன்னொருவருடன் சேர்ந்து 2018இல் வெளியிட்ட ஆய்வு காட்டியது. திரும்பி வந்ததும் கோட்டிலிருந்து தொடங்காமல், அந்தப் பத்தியின் முதல் வரிக்கே போய் மறுபடி படித்து வாருங்கள்.