நம்பிக்கையில்லாத் தீர்மானம்: எழுதும்போது சறுக்கும் இடங்கள்

எங்காவது ஓர் ஆட்சி ஆட்டம் கண்டால் போதும், எங்கள் செய்தி டெஸ்க்கில் புதிதாகச் சேர்ந்திருக்கும் பிள்ளைகள் ஒரே பெயரை எல்லாவற்றுக்கும் ஒட்டிவிடுவார்கள்: நம்பிக்கையில்லாத் தீர்மானம். முதல்வர் தானே முன்வந்து பெரும்பான்மையை நிரூபித்தாலும் அதுதான், சபாநாயகரை நீக்கக் கோரினாலும் அதுதான், ஊராட்சித் தலைவரோடு வார்டு உறுப்பினர்கள் மல்லுக்கு நின்றாலும் அதுதான். சேர்ந்த புதிதில் நாங்களும் இதே கூத்தை அடித்தவர்கள் என்பதால் திட்ட மனசு வருவதில்லை. ஒற்றுப்பிழை, பெயர்ப்பிழை எல்லாம் ப்ரூஃப் பார்ப்பவர் கண்ணில் பட்டுவிடும், அவற்றை விட்டுவிடலாம். யார் கண்ணிலும் படாமல் அச்சுக்குப் போகிறவைதான் இங்கே.

வாஜ்பாய் அரசு நம்பிக்கையில்லாத் தீர்மானத்தில் கவிழவில்லை

இதை எத்தனை முறை திருத்தினாலும் மறுபடி முளைக்கிறது. "1999இல் ஜெயலலிதா கொண்டுவந்த நம்பிக்கையில்லாத் தீர்மானத்தில் ஒரே ஒரு வாக்கு வித்தியாசத்தில் வாஜ்பாய் அரசு கவிழ்ந்தது." நினைவுக் கட்டுரைகளில் வருகிறது, போட்டித் தேர்வுக் குறிப்புகளில் வருகிறது, மேடைப் பேச்சில் வருகிறது. ஒரு வாக்கு, வாஜ்பாய், கவிழ்ந்தது, இந்த மூன்றும் சரி. மற்றது தப்பு.

நடந்தது என்ன? 1999 ஏப்ரல் நடுவில் அதிமுக தன் ஆதரவைத் திரும்பப் பெற்றது. குடியரசுத் தலைவர் கே.ஆர். நாராயணன், உங்களுக்குப் பெரும்பான்மை இருக்கிறதா என்று மக்களவையில் காட்டுங்கள் என்றார். வாஜ்பாய் தன் அமைச்சரவை மீது அவை நம்பிக்கை வைத்திருக்கிறது என்ற தீர்மானத்தைத் தானே முன்மொழிந்தார். ஏப்ரல் 17 அன்று வாக்கெடுப்பு. ஆதரவு 269, எதிர்ப்பு 270. நம்பிக்கை கோரிய தீர்மானம் தோற்றது, அரசு போனது. கொண்டுவந்தவர் பிரதமர், எதிர்க்கட்சி அல்ல. எங்கள் ஊர் வாசகருக்கு இதில் இன்னொரு சுவாரசியமும் உண்டு: அதிமுக எதிர்த்து வாக்களித்த அன்று திமுக வாஜ்பாய் பக்கம் வாக்களித்தது.

"பெயர்தானே சார் மாறியிருக்கிறது, முடிவு ஒன்றுதானே" என்று கேட்பார்கள். எனக்கு எரிச்சல் வருவதே இந்தக் கேள்வியில்தான். முடிவு ஒன்றில்லை. இரண்டு தீர்மானங்களிலும் 'ஆம்' என்பதன் பொருள் தலைகீழ். நம்பிக்கை கோரும் தீர்மானத்தில் ஆம் என்றால் அரசுக்கு ஆதரவு. நம்பிக்கையில்லாத் தீர்மானத்தில் ஆம் என்றால் அரசு ஒழியட்டும்.

நான் முன்பு வேலை பார்த்த நாளிதழ் ஒன்றில் பழைய ஆட்சிக் கவிழ்ப்புகளைப் பற்றி ஒரு பெட்டிச் செய்தி போட்டார்கள். ட்ரெய்னி ஒருவர் கட்டம் கட்டி, "நம்பிக்கையில்லாத் தீர்மானம், 1999: ஆதரவு 269, எதிர்ப்பு 270" என்று எழுதிவிட்டார். எண்கள் அட்சரசுத்தம். ஆனால் தலைப்போடு சேர்த்துப் படித்தால் தீர்மானம் ஒரு வாக்கில் தோற்றது, அதாவது வாஜ்பாய் அரசு ஒரு வாக்கில் பிழைத்தது என்று ஆகிறது! காலையில் ஒரு வாசகர் போன் பண்ணி, "அப்போ அந்த வருஷம் தேர்தல் எதுக்குய்யா வந்துச்சு?" என்று கேட்டார். அதோடு முடிந்திருந்தால் பரவாயில்லை. திருத்தம் போட உட்கார்ந்த சீனியர், தலைப்பை விட்டுவிட்டு எண்களைத் திருப்பிப் போட்டார்: ஆதரவு 270, எதிர்ப்பு 269. இப்போது கணக்கு அழகாக உதைக்காமல் நிற்கிறது, ஆனால் நடந்த நிகழ்ச்சியே அது இல்லை. முதல் தவறையாவது வாசகர் பிடித்தார். இரண்டாவதை யாரும் பிடிக்கவில்லை, அதனால்தான் இன்றும் அதை நினைத்தால் எனக்கு ஆறுவதில்லை. அந்தப் பெட்டியைப் பார்த்துவிட்டு வேறு யாரோ எடுத்து எழுதியிருப்பார்கள், அதைப் பார்த்து இன்னொருவர்.

ஒரு வாக்கு பற்றிப் பேசும்போது எல்லோரும் கிரிதர் கமாங் பெயரைச் சொல்வார்கள். அவர் அந்த ஆண்டு பிப்ரவரியில் ஒடிசா முதல்வராகியிருந்தார், மக்களவை உறுப்பினர் பதவியை விடவில்லை, டெல்லி வந்து எதிர்த்து வாக்களித்தார். அவர் வராமல் இருந்திருந்தால் 269க்கு 269. அப்போது அரசியலமைப்பின் 100வது பிரிவுப்படி சபாநாயகர் பாலயோகியின் வாக்குதான் முடிவு செய்திருக்கும். நம்பிக்கை கோரும் தீர்மானத்தில் சமநிலை என்பது பிரதமருக்குப் போதாது, ஆம் என்பவர்கள் அதிகம் இருந்தாக வேண்டும். நம்பிக்கையில்லாத் தீர்மானத்தில் சமநிலை வந்தால் தவிப்பு எதிர்க்கட்சிக்கு. யார் தீர்மானம் கொண்டுவந்தார்கள் என்பதைத் தப்பாக எழுதுகிறவர் அந்த ஒரு வாக்கு எந்தப் பக்கம் கனத்தது என்பதையும் சேர்த்தே தொலைக்கிறார்.

இன்னும் ஒன்று. வாஜ்பாய் நம்பிக்கையில்லாத் தீர்மானத்தைச் சந்தித்தது 2003 ஆகஸ்டில், சோனியா காந்தி கொண்டுவந்தபோது. அதில் அவர் எளிதாக ஜெயித்தார். அவர் மட்டுமல்ல, மத்தியில் எந்த அரசும் நம்பிக்கையில்லாத் தீர்மானம் நிறைவேறி வீழ்ந்ததில்லை. 1990இல் வி.பி. சிங், 1997இல் தேவகவுடா, 1999இல் வாஜ்பாய், மூவரும் தாங்களே கேட்ட நம்பிக்கை கிடைக்காமல் போனவர்கள். 1979இல் மொரார்ஜி தேசாய் மீது ஒய்.பி. சவான் கொண்டுவந்தது நம்பிக்கையில்லாத் தீர்மானம்தான், ஆனால் வாக்கெடுப்புக்கு முன்பே மொரார்ஜி ராஜினாமா செய்துவிட்டார்.

ஒரு வாக்கில் நிஜமாகவே நம்பிக்கையில்லாத் தீர்மானத்தில் கவிழ்ந்த அரசு வேண்டுமென்றால் லண்டனுக்குப் போக வேண்டும். 1979 மார்ச் 28, பிரதமர் காலகன் அரசு மீது எதிர்க்கட்சித் தலைவர் தாட்சர் கொண்டுவந்தது: ஆம் 311, இல்லை 310. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதிப் பாருங்கள். அங்கே பெரிய எண் 'ஆம்' பக்கம், இங்கே 'இல்லை' பக்கம், இரண்டிலும் அரசு போய்விட்டது.

2017: ஒரே 122, இரண்டு பக்கம்

தூரத்து உதாரணம் பிடிக்கவில்லை என்றால் சென்னைக்கே வரலாம். 2017 பிப்ரவரி 16 அன்று எடப்பாடி பழனிசாமி முதல்வராகப் பதவியேற்றார், 18ஆம் தேதி நம்பிக்கை கோரினார். கூவத்தூர் ரிசார்ட், ரகசிய வாக்கெடுப்பு கேட்டு அமளி, திமுக உறுப்பினர்கள் வெளியேற்றம் எல்லாம் முடிந்தபின் 122க்கு 11 என்று ஜெயித்தார். அடுத்த மாதம் 23ஆம் தேதி சபாநாயகர் தனபாலை நீக்கக் கோரி திமுக தீர்மானம் கொண்டுவந்தது. ஆதரவு 97, எதிர்ப்பு 122. முதலாவதில் 122 பேர் 'ஆம்', இரண்டாவதில் 122 பேர் 'இல்லை'. அவசரத்தில் கட்டம் கட்டுகிறவர்கள் எந்த எண்ணை எந்தப் பத்தியில் போடுவார்கள் என்று நான் சொல்லத் தேவையில்லை.

இந்த இடத்தில் இன்னொரு கலவையும் நடக்கிறது. "நம்பிக்கை வாக்கெடுப்பில் எதிர்த்து வாக்களித்ததால் 18 எம்எல்ஏக்கள் தகுதிநீக்கம்" என்று எழுதுகிறார்கள். எதிர்த்து வாக்களித்தவர்கள் ஓ. பன்னீர்செல்வம் அணியின் 11 பேர், அவர்கள் பதவி போகவில்லை. டி.டி.வி. தினகரன் பக்கம் போன 18 பேர் பிப்ரவரியில் அரசை ஆதரித்தே வாக்களித்தவர்கள். ஆகஸ்டில் ஆளுநரைச் சந்தித்து முதல்வர் மேல் நம்பிக்கை இல்லை என்று கடிதம் கொடுத்தார்கள், செப்டம்பரில் பதவி இழந்தார்கள். வாக்களித்தவர்கள் தப்பினார்கள், கடிதம் கொடுத்தவர்கள் மாட்டினார்கள். நியாயமா என்று கேட்டால் அது வேறு கட்டுரை. எழுதும்போது இரு கூட்டத்தையும் கலக்காதீர்கள்.

சபாநாயகரை நீக்குவது வேறு

அரசுக்கு எதிரான தீர்மானத்தில், வந்து வாக்களிப்பவர்களில் பெரும்பான்மை போதும். சபாநாயகரை நீக்க அப்போதைய மொத்த உறுப்பினர்களில் பெரும்பான்மை வேண்டும், 14 நாள் முன்னறிவிப்பு வேண்டும். மாநிலத்துக்கு 179வது பிரிவு, மக்களவைக்கு 94. அந்த விவாதத்தின்போது அவர் நாற்காலியில் உட்காரக் கூடாது, கீழே அமர்ந்து பேசலாம், வாக்களிக்கலாம். பேச்சுவழக்கில் இதையும் நம்பிக்கையில்லாத் தீர்மானம் என்றுதான் சொல்கிறோம், தலைப்பில் போட்டாலும் போகட்டும். ஆனால் உள்ளே ஒரு வரியாவது 'பதவி நீக்கக் கோரும் தீர்மானம்' என்று வர வேண்டும்.

118 என்ற மந்திரம்

234 உறுப்பினர் அவை, பாதிக்கு மேல் 118, ஆகவே 118 வாங்கினால்தான் ஆட்சி நிற்கும் என்று கண்ணை மூடிக்கொண்டு எழுதுவது. 2017 பிப்ரவரியில் வாக்களித்தவர்கள் 133 பேர், ஜெயிக்க 67 போதும். எடப்பாடிக்கு 122 கிடைத்ததால் இது யாருக்கும் உறைக்கவில்லை. 1993 ஜூலையைப் பாருங்கள்: நரசிம்ம ராவ் அரசு மீதான நம்பிக்கையில்லாத் தீர்மானத்துக்கு ஆதரவு 251, எதிர்ப்பு 265. அரசைக் காப்பாற்றிய 265 மக்களவையின் மொத்த இடங்களில் பாதி கூட இல்லை. அதில் சில வாக்குகள் எப்படி வந்தன என்பது ஜார்க்கண்ட் முக்தி மோர்ச்சா லஞ்ச வழக்காகப் பல ஆண்டுகள் ஓடியது. வெளிநடப்பு செய்கிறவர்களும் அவைக்கு வராதவர்களும் ஏன் அவ்வளவு முக்கியம் என்பது இந்தக் கணக்கு புரிந்தால்தான் புரியும்.

நோட்டீஸ் கொடுத்தாலே தீர்மானம் வந்துவிடாது

மக்களவை விதி 198இன் கீழ் நோட்டீஸ் கொடுக்கலாம். அவையில் 50 பேர் எழுந்து நின்று ஆதரவு தெரிவித்தால்தான் அனுமதி. 2018 மார்ச்சில் தெலுங்கு தேசமும் ஒய்எஸ்ஆர் காங்கிரசும் கொடுத்த நோட்டீசுகள் நாள் நாளாக வந்துகொண்டே இருந்தன. காவிரி மேலாண்மை வாரியம் கேட்டு நம் அதிமுக எம்பிக்கள் அவையின் மையப்பகுதியில் நின்று முழக்கமிட, அவை ஒழுங்கில் இல்லை, 50 பேரை எண்ண முடியவில்லை என்று சபாநாயகர் சுமித்ரா மகாஜன் ஒத்திவைத்துக்கொண்டே போனார். தீர்மானம் விவாதத்துக்கு வந்தது ஜூலையில். இடையில் "மோடி அரசு மீது இன்று நம்பிக்கையில்லாத் தீர்மானம்" என்று தினமும் தலைப்பு போட்டவர்களுக்கு என் அனுதாபங்கள்.

ராஜினாமா தோல்வி அல்ல

2022 ஜூனில் மகாராஷ்டிர முதல்வர் உத்தவ் தாக்கரே வாக்கெடுப்பில் தோற்கவில்லை, அதற்கு முன்பே விலகினார். இந்த வித்தியாசம் அவருக்கே வினையானது. அவர் தானாக விலகியதால் பழைய நிலையைத் திருப்பித் தர முடியாது என்று அடுத்த ஆண்டு மே மாதம் உச்ச நீதிமன்றம் சொன்னது. புதுச்சேரியில் 2021 பிப்ரவரி 22 அன்று முதல்வர் நாராயணசாமி நம்பிக்கை கோரிப் பேசிவிட்டு, வாக்கெடுப்புக்கு முன் வெளிநடப்பு செய்தார். சபாநாயகர் தீர்மானம் தோற்றதாக அறிவித்தார். இதை 'ராஜினாமா செய்து தப்பினார்' என்று எழுதியவர்களும் உண்டு.

ஊராட்சித் தலைவர்

மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுத்த கிராம ஊராட்சித் தலைவரை வார்டு உறுப்பினர்கள் வாக்கெடுத்து இறக்க முடியாது. நீக்குவதென்றால் தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம் 205வது பிரிவின்படி மாவட்ட ஆட்சியர் வழியாகத்தான்.

கண்டனத் தீர்மானம்

காரணம் சொல்ல வேண்டும். ஓர் அமைச்சர் மீது மட்டும்கூடக் கொண்டுவரலாம். நிறைவேறினாலும் அரசு விலக வேண்டியதில்லை.

இலங்கைச் செய்தி எழுதும்போது

அங்கே இது நம்பிக்கையில்லாப் பிரேரணை, அப்படியே எழுதுங்கள். ஆனால் பெயரைவிட முக்கியம், அது யாரைத் தொடும் என்பது. 2018 ஏப்ரலில் பிரதமர் ரணில் மீது வந்த பிரேரணை 76க்கு 122 என்று தோற்றது. அதே ஆண்டு நவம்பரில், பிரதமராக நியமிக்கப்பட்டிருந்த மகிந்த ராஜபக்ச மீது நிறைவேறியதாகச் சபாநாயகர் கரு ஜயசூரிய அறிவித்ததை ஜனாதிபதி மைத்திரிபால ஏற்க மறுத்தார். ஜனாதிபதியை இந்தப் பிரேரணையால் நீக்க முடியாது, அதற்குக் குற்றப்பிரேரணை என்ற தனி வழி. 2022 மே மாதம் எம்பி சுமந்திரன் ஜனாதிபதி கோட்டாபய மீது விவாதிக்கக் கேட்டது அதிருப்திப் பிரேரணை. அதை உடனே எடுத்துக்கொள்ளலாமா என்ற வாக்கெடுப்பே 68க்கு 119 என்று தோற்றது. நம் பக்கம் பலர் 'கோட்டாபய மீதான நம்பிக்கையில்லாத் தீர்மானம் தோல்வி' என்று எழுதினார்கள். அப்படி ஒன்று நடக்கவே இல்லை.

"படுதோல்வி"

1963 ஆகஸ்டில் கிருபளானி நேரு அரசு மீது கொண்டுவந்த முதல் தீர்மானத்துக்குக் கிடைத்தது 62 வாக்கு, எதிர்த்து 347. எண்ணிக்கை தெரியாமலா கொண்டுவந்தார்? சீனப் போரைப் பற்றி நேருவை அவையில் நிறுத்திக் கேட்க வேண்டியிருந்தது. 2023இல் கௌரவ் கோகோய் கொண்டுவந்ததும் மணிப்பூர் பற்றிப் பிரதமரை வாய் திறக்க வைக்கத்தான். இவற்றை 'எதிர்க்கட்சிக்குப் படுதோல்வி' என்று மட்டும் எழுதினால் பாதிச் செய்தி போய்விடுகிறது. அப்புறம், 2023க்கு வாக்கு எண்ணிக்கை கேட்டு என்னிடம் வராதீர்கள். அது குரல் வாக்கெடுப்பு.