மறுமதிப்பீட்டு முடிவு தாமதமா? கோர்ட்டுக்குப் போகும் முன் தவிர்க்க வேண்டிய தவறுகள்

மறுமதிப்பீட்டுக்குப் பணம் கட்டிவிட்டு, முடிவு வராததால் மேற்படிப்புச் சேர்க்கையைத் தவறவிடும் மாணவருக்கு நேர்வது அநியாயம். அரசமைப்புச் சட்டம் 226-வது பிரிவின்படி உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட அவருக்கு வழி இருக்கிறது. ஆனாலும் நியாயமான வழக்குகள் பல, போடும் விதத்தால் கெடுகின்றன.

முதல் தவறு, கேட்கக் கூடாததைக் கேட்பது. "எனக்கு இத்தனை மதிப்பெண் வர வேண்டும், கோர்ட் போடச் சொல்லட்டும்" என்றால் மனு நிற்பது கடினம். விடைத்தாளை மதிப்பிடுவது கல்வியாளர்களின் வேலை என்பதுதான் நீதிமன்றங்களின் நிலை. விதியில் இடமில்லாத மறுமதிப்பீட்டை உரிமையாகக் கோர முடியாது என்று மகாராஷ்டிரக் கல்வி வாரிய வழக்கில் உச்ச நீதிமன்றம் 1984-லேயே சொல்லிவிட்டது. தாமதத்தின் கதை வேறு. பல்கலைக்கழகமே விதி போட்டு, விண்ணப்பமும் கட்டணமும் வாங்கிக்கொண்டு, கடமையைச் செய்யாமல் இருக்கிறது. அதனால் "இன்ன தேதிக்குள் முடிவை வெளியிட உத்தரவிடுங்கள்" என்று கேளுங்கள். மாண்டமஸ் என்னும் செயலுறுத்தும் ஆணை இதற்கானதுதான்.

அந்த ஆணைக்கு முன், நீங்கள் எழுத்தில் கேட்டதற்குச் சான்று வேண்டும். தேர்வுத் துறை ஜன்னலில் பத்து முறை நின்றதும் போனில் பேசியதும் சான்றாகாது. தேர்வுக் கட்டுப்பாட்டு அலுவலருக்கும் பதிவாளருக்கும் தேதியிட்ட மனுவை ஒப்புகையுடன் தபாலில் அனுப்புங்கள். கட்டண ரசீது, விண்ணப்ப எண், சேர்க்கையின் கடைசி நாளைக் காட்டும் அறிவிப்பு மூன்றையும் இணையுங்கள்.

தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் விண்ணப்பித்துவிட்டு, பதில் வரட்டும் என்று உட்கார்ந்திருக்காதீர்கள். பதிலுக்கான கெடுவே 30 நாள். திருத்திய விடைத்தாளைப் பார்க்கும் உரிமையை உச்ச நீதிமன்றம் 2011-ல் உறுதி செய்தது உண்மை, பயனுள்ளதும்கூட. சேர்க்கை நெருங்கினால் தகவல் விண்ணப்பமும் ரிட் மனுவும் ஒன்றாக நடக்கட்டும். கடைசி நாள் கடந்தபின் வரும் மனுவுக்கு நீதிபதி இரக்கப்படலாம், நிரம்பிய இடத்தைக் காலியாக்க மாட்டார். சேரப்போகும் கல்லூரியின்மீதும் உத்தரவு வேண்டுமென்றால் அதையும் எதிர்மனுதாரராகச் சேர்த்தாக வேண்டும். இதைப் பலர் மறந்துவிடுகிறார்கள்.

நுகர்வோர் ஆணையத்துக்குப் போய் மாதங்களை இழக்காதீர்கள். தேர்வு நடத்தும் பல்கலைக்கழகம் சேவை விற்பதாகாது, மாணவர் நுகர்வோரும் அல்லர் என்று 2010-ல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

வழக்கு நிலுவையில் இருக்கும்போதே அரியர் தேர்வுக்கும் பணம் கட்டிவிடுங்கள். முடிவு சாதகமாக வந்தால் அந்தக் கட்டணம் மட்டும்தான் போகும். கட்டாமல் விட்டு, முடிவு பாதகமாக வந்தால் ஒரு செமஸ்டரே போய்விடும்.

திருச்சி, மதுரை, நெல்லைப் பக்கத்து மாணவர்கள் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையை அணுகலாம். மே மாத விடுமுறையிலும் அவசர வழக்குகளை விடுமுறைக்கால அமர்வு விசாரிக்கும். வக்கீல் செலவுக்குப் பயந்து ஒதுங்குவோர் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் கேளுங்கள். பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடி மாணவர்களுக்கும் வருமான வரம்பு இல்லாமலே இலவச உதவி உண்டு.