வழக்கை வாபஸ் வாங்கும் முன் அனுமதி கேளுங்கள்

அம்பாசமுத்திரம் பக்கம் ஒரு விவசாயி, வாய்க்கால் கரைப் பாதையை அடைத்துவிட்டார்கள் என்று பக்கத்து வயல்காரர் மீதும் அரசு மீதும் முன்சீப் கோர்ட்டில் வழக்குப் போட்டதாக வைத்துக்கொள்வோம். அரசுக்கு முன்கூட்டித் தரவேண்டிய இரண்டு மாத நோட்டீஸ் தரவில்லை; அவசரம் என்று சொல்லி விலக்கும் வாங்கவில்லை. இந்தக் குறையோடு அரசு மீதான வழக்கு நிற்காது. வாபஸ் வாங்கி, நோட்டீஸ் கொடுத்து, மறுபடி போடலாம். ஆனால் “வாபஸ் பெறுகிறேன்” என்று மட்டும் எழுதிக் கொடுத்தால் அதோடு கதவு அடைபட்டுவிடும். அதே விஷயத்துக்குப் புது வழக்குப் போட முடியாது. புது வழக்குப் போடும் அனுமதியைக் கோர்ட்டிடம் வாங்கிக்கொண்டு வாபஸ் பெற்றால்தான் முடியும். உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 23, விதி 1 சொல்வது இதைத்தான்.

முதலில், வாபஸ் தேவைதானா என்று பாருங்கள். சர்வே எண்ணில் ஒரு இலக்கம் தவறு என்றால் திருத்த மனு பெரும்பாலும் போதும். ஆள் விடுபட்டிருந்தால் சேர்க்க மனுப் போடலாம்.

அடுத்தது காலவரம்பு. பலர் கோட்டை விடுவது இங்கேதான். அனுமதியோடு வாபஸ் வாங்கினாலும், முதல் வழக்கே போடாதது போலத்தான் நாள் கணக்கு ஓடும். புரோநோட்டுக் கடனுக்கு 3 வருஷம். அது முடிந்தபின் வாபஸ் வாங்கினால் கையில் அனுமதி இருந்தும் பணம் போனதுதான். அந்த வழக்கை விசாரிக்கக் கோர்ட்டுக்கு அதிகார வரம்பு இல்லை என்பது போன்ற காரணத்துக்கு அனுமதி கிடைத்தால் மட்டும், அந்த வழக்கில் நல்லெண்ணத்தோடு செலவான காலத்தை இந்த நாள் கணக்கிலிருந்து கழிக்கக் கேட்கலாம்.

சரி, இனி மனு. பிரமாணப் பத்திரத்தோடு இடைமனு (நடக்கும் வழக்குக்குள்ளேயே போடும் மனு) போடுங்கள். குறை என்ன, அதனால் வழக்கு ஏன் தோற்கும் என்பதைத் தெளிவாக எழுதுங்கள். கோரிக்கையை ஒரே வாக்கியமாக வையுங்கள்: “இதே வழக்குப் பொருள் குறித்துப் புதிய வழக்குத் தொடரும் உரிமையுடன் இவ்வழக்கைத் திரும்பப் பெற அனுமதிக்க வேண்டும்.” அனுமதி கிடைக்காவிட்டால் வழக்கைத் தொடர்ந்து நடத்துவேன் என்றும் சேர்த்து எழுதுங்கள். வாதிகள் பலர் என்றால் எல்லாருடைய சம்மதமும் வேண்டும்.

எதிர்த்தரப்புக்குச் செலவுத்தொகை கட்டச் சொல்லி உத்தரவு வரலாம். அதை நிபந்தனையாக வைத்திருந்தால், புது வழக்குக்கு முன்பே கட்டிவிடுங்கள்.

இதெல்லாம் வழக்கு ஆரம்பத்தில் இருக்கும்போது எளிது. தோற்று, மேல்முறையீட்டுக்குப் போனபின் கேட்டால் கஷ்டம். எதிராளி வென்று பெற்ற பலனைப் பறிப்பதாக ஆகிவிடும் என்பதால், இந்த அனுமதியை மிகுந்த கவனத்தோடுதான் தரவேண்டும் என்று 2000-ல் தமிழ்நாட்டு வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அது நியாயம்தான்.

நெல்லைக்காரர்கள் ரிட் மனுவுக்கு (அரசின் செயலை எதிர்த்து நேரடியாக உயர் நீதிமன்றத்தில் போடும் மனு) உயர் நீதிமன்ற மதுரைக் கிளைக்குப் போகிறோம் அல்லவா, அங்கும் இதே கவனம் வேண்டும். அனுமதியின்றி வாபஸ் வாங்கினால் அதே காரணத்துக்கு மறுபடி ரிட் போட முடியாது என்பது 1986-ல் வந்த சர்குஜா டிரான்ஸ்போர்ட் தீர்ப்பு. சட்டவிரோதக் காவலை எதிர்க்கும் ஆட்கொணர்வு மனுவை அது கட்டுப்படுத்தாது.

அப்புறம் உத்தரவு நகலை வாங்கி ஒவ்வொரு வரியாகப் படியுங்கள். “வாபஸ் பெறப்பட்டதால் தள்ளுபடி” என்று மட்டும் இருந்து, புது வழக்குக்கான அனுமதி பற்றி ஒரு வரியும் இல்லையென்றால், தாமதிக்காமல் உங்கள் வக்கீலிடம் சொல்லி அதே கோர்ட்டில் திருத்தம் கேளுங்கள்.